நடையில் பிடிபட்ட மனிதர்கள்: அலெக் கின்னஸின் மேடையும் திரையும்

தகரக் கூண்டின் கதவைத் திறக்கிறார்கள். உள்ளே நாள்கணக்கில் வெயிலில் வெந்துகிடந்த ஆங்கிலேய கர்னல் வெளியே வருகிறார். முகாமை நடத்தும் ஜப்பானிய அதிகாரியின் குடிசை எதிரே இருக்கிறது. நடுவில் வெறும் பொட்டல். அதைக் கடந்து அவர் அங்கே போய்ச் சேர வேண்டும். காட்சி அவ்வளவுதான். கால்கள் ஒன்றையொன்று தட்டுகின்றன, முழங்கால் துவள்கிறது, ஆனால் தோளும் தலையும் அணிவகுப்பில் நிற்பதுபோலவே இருக்கின்றன. இடுப்புக்குக் கீழே ஒரு நோயாளி, இடுப்புக்கு மேலே ஒரு கர்னல்.

'த பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' படத்தில் அலெக் கின்னஸ் நடந்த இந்த நடை எந்தப் போர்க்கைதியையும் பார்த்துக் கற்றதல்ல. அவருடைய மகன் மாத்யூவுக்குப் பள்ளி வயதில் இளம்பிள்ளைவாதம் வந்தது. அதிலிருந்து தேறி மறுபடி நடக்கப் பழகியபோது பையன் எப்படிக் கால் எடுத்து வைத்தான் என்பது தகப்பனின் கண்ணில் தங்கிவிட்டது. சில ஆண்டுகள் கழித்து இலங்கைக் காட்டில் அது கர்னல் நிக்கல்சனின் நடையாக வெளிவந்தது. தான் செய்த வேலையிலேயே மிகச் சிறந்தவற்றுள் இந்தச் சில நொடிகளையும் கின்னஸ் சேர்த்துக்கொள்வார்.

கின்னஸைப் பற்றி எழுதிய பலரும் ஏதோ ஒரு கட்டத்தில் ஒரே பட்டத்துக்கு வந்து சேர்கிறார்கள்: முகமில்லாத நடிகர். நாடக விமர்சகர் கென்னத் டைனன் 1953-இல் அவரைப் பற்றி ஒரு சிறு நூலே எழுதினார். இந்த ஆள் கொலை செய்துவிட்டு ஓடினால், அங்க அடையாளத்தை நம்பிப் போலீஸ் யார் யாரையோ பிடித்து உள்ளே போடும் என்பது டைனனின் கேலி. அது நன்றாகவே ஒட்டிக்கொண்டது. பிறகு அதற்கு இரண்டு விளக்கங்கள் வழக்கத்துக்கு வந்தன. கின்னஸ் ஒரு மாறுவேட மன்னர், ஒட்டு மூக்கும் பொய்ப்பல்லும்தான் அவருடைய கலை என்பது ஒன்று. தகப்பன் பெயர் தெரியாமல் பிறந்தவர், அதனால் ஆயுசு முழுக்கத் தன்னை ஒளித்துக்கொண்டே வாழ்ந்தார் என்பது மற்றது. முதலாவதைச் சொல்பவர்கள் அவருடைய படங்களில் பாதியைப் பார்க்காதவர்கள். இரண்டாவதில் ஓரளவு உண்மை உண்டு. ஆனால் தகப்பன் பெயர் தெரியாத எத்தனையோ பேர் இருக்கிறார்கள், நிக்கல்சனின் நடையை நடந்தவர் ஒருவர்தான். அவர் என்ன செய்தார் என்பதைப் பார்க்க வேண்டுமானால் அந்தப் பையனின் நடையிலிருந்து தொடங்குவதே சரி என்று எனக்குப் படுகிறது. பிறரைப் பார்ப்பது, பார்த்ததில் பெரும்பகுதியைக் காட்டாமல் வைத்துக்கொள்வது. இந்தச் சிக்கனம் மேடையில் அவரைச் சில தடவை பலமாகக் கைவிட்டது. கேமராவுக்கு முன்னால் அபூர்வமாகத்தான் கைவிட்டது.

அவர் பிறந்தது 1914 ஏப்ரல் 2, லண்டன் மைடா வேல் பகுதியில். தாய் ஆக்னெஸ் கஃப். பிறப்புச் சான்றிதழில் குழந்தையின் பெயர் இருக்கிறது, தகப்பன் பெயருக்கான இடம் காலியாக இருக்கிறது. ஆண்ட்ரூ கெடெஸ் என்ற ஸ்காட்லாந்து வங்கியாளர்தான் தகப்பன் என்று கின்னஸ் நம்பினார்; பள்ளிக் கட்டணம் அந்தப் பக்கத்திலிருந்து வந்தது. தாய் நடுவில் ஒரு ராணுவக் கேப்டனை மணந்துகொண்டார். அந்த மனிதரின் முரட்டுத்தனத்தை ஒட்டிய நினைவுகள் கின்னஸின் தன்வரலாற்றில் கசப்போடு வருகின்றன. வாடகை அறைகள், விடுதிப் பள்ளிகள், அடிக்கடி மாறும் முகவரி. இப்படி வளரும் பிள்ளைக்கு வீட்டுக்குள் நுழைபவர் எந்த மனநிலையில் இருக்கிறார் என்பதைக் காலடிச் சத்தத்திலேயே கண்டுபிடிக்கும் பழக்கம் வந்துவிடும். இதற்கு மேல் அந்தப் பிள்ளைப் பருவத்தின் மேல் பாரம் ஏற்ற எனக்கு விருப்பமில்லை.

பள்ளி முடிந்ததும் ஒரு விளம்பர நிறுவனத்தில் வாசகம் எழுதும் வேலை. மனமெல்லாம் நாடகத்தில். அன்றைக்கு மேடையின் உச்சியில் இருந்த ஜான் கில்குட்டிடம் யோசனை கேட்டார். அவர் நடிகை மார்ட்டிட்டா ஹன்ட்டிடம் பாடம் படிக்கச் சொன்னார். சில வகுப்புகளுக்குப் பிறகு, இந்தப் பையனுக்கு நடிப்பு வராது என்று சொல்லி ஹன்ட் கைகழுவப் பார்த்தார். பையன் விடவில்லை. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து இருவரும் ஒரே படத்தில், டேவிட் லீனின் 'கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ்' (1946) படத்தில், நடித்தார்கள். அழுகிப்போன கல்யாணக் கேக்குக்கு முன்னால் உட்கார்ந்திருக்கும் மிஸ் ஹவிஷாமாக ஹன்ட், வெள்ளந்தி நண்பன் ஹெர்பர்ட் பாக்கெட்டாக மாணவர்.

முதல் மேடை 1934-இல், சரியாக இருபதாவது பிறந்தநாளன்று. 'லைபல்' என்ற நாடகத்தில் வசனமே இல்லாத வேடம். அதே ஆண்டு கில்குட் தன் புகழ்பெற்ற ஹேம்லெட்டில் ஆஸ்ரிக் என்ற சின்னப் பாத்திரத்தைக் கொடுத்தார். பையன் பட்டினி கிடப்பதைப் பார்த்துப் பணம் கொடுக்க வந்தபோது, வாங்கிக்கொள்ள மறுத்ததாகக் கின்னஸ் எழுதியிருக்கிறார். வேடத்தை வாங்கிக்கொள்வார், பணத்தை வாங்கமாட்டார். வாழ்நாள் முழுக்க அவரிடம் இந்த விறைப்பு இருந்தது.

பிறகு ஓல்ட் விக் அரங்கு, கில்குட்டின் குழு, இயக்குநர் டைரோன் கத்ரி. கத்ரி 1938-இல் ஹேம்லெட்டை ஒரு வரி வெட்டாமல், தன் காலத்து நவீன உடைகளோடு, மழைக்குக் குடையும் பிடிக்கவைத்து மேடையேற்றினார். 24 வயதுக் கின்னஸ்தான் இளவரசர். அதே ஆண்டு நடிகை மெரூலா சலமனை மணந்தார். 'நோவா' நாடகத்தில் அவர் புலி வேஷம் கட்டியபோதுதான் இருவருக்கும் அறிமுகம். மணமான பிறகு மெரூலா மேடையை விட்டார். அது கணவரின் விருப்பம். கின்னஸ் இறந்து மூன்றாண்டுகள் கழித்து வெளியான பியர்ஸ் பால் ரீடின் வாழ்க்கை வரலாற்றில் இந்த வீட்டுக் கணக்கு விரிவாக இருக்கிறது: விருந்தாளிகளிடம் அத்தனை நயமாகப் பேசும் மனிதர் சொந்த வீட்டில் எவ்வளவு கறாராக இருந்தார் என்று.

போரில் கடற்படை. சிப்பாயாகச் சேர்ந்து அதிகாரியானவர், 1943-இல் சிசிலித் தாக்குதலில் ஒரு தரையிறங்கு படகுக்குத் தலைவர். ராணுவச் சீருடைக்குள் ஒரு மனிதன் எவ்வளவு அகப்பட்டுக்கொள்கிறான், எந்த அளவு ஒளிந்துகொள்கிறான் என்று படித்த பாடம் பிற்பாடு நிக்கல்சனுக்கும், 'டியூன்ஸ் ஆஃப் குளோரி' (1960) படத்தின் குடிகார ஸ்காட்டிஷ் அதிகாரி ஜாக் சின்க்ளேருக்கும் உதவியது. அந்தப் படம் இங்கே அதிகம் பேசப்படுவதில்லை. செந்தலையும் மீசையும் வைத்துக்கொண்டு, சத்தம் போட்டு, சிரித்து, குடித்து, கடைசியில் நொறுங்கிப்போகும் ஒருவரை அதில் பார்க்கலாம். கின்னஸால் அடக்கி வாசிக்கத்தான் தெரியும் என்று நினைப்பவர்களுக்கு அது ஒரு சூடு.

போர் முடிந்த 1946-இல் ஓல்ட் விக் குழுவின் லியர் மன்னன். லியராக லாரன்ஸ் ஒலிவியர், கோமாளியாகக் கின்னஸ். வெளுத்த முகம், மெல்லிய குரல், துள்ளல் கிடையாது. ஒலிவியரின் நடிப்பு எரிமலை. அதன் பக்கத்தில் நின்று யாரும் சத்தத்தில் ஜெயிக்க முடியாது. கின்னஸ் சத்தத்தைக் குறைத்துக்கொண்டார். விமர்சகர்களின் கண் லியரோடு சேர்த்து அந்தக் கோமாளியின் மேலும் விழுந்தது. ஒலிவியர், கில்குட், ரால்ஃப் ரிச்சர்ட்சன் என்ற மும்மூர்த்திகளுக்கு அடுத்து வந்த தலைமுறை எப்படித் தனியிடம் பிடிப்பது என்ற கேள்விக்கு இது ஒரு பதில்.

சினிமா அவரைக் கொண்டுபோனது மூக்கின் வழியாக. 'கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ்' நாவலை 1939-இலேயே கின்னஸ் மேடைக்காக எழுதி நடித்திருந்தார். அதை லீன் பார்த்திருந்தார். அதனால் முதல் படம் சுலபமாகக் கிடைத்தது. அடுத்து 'ஆலிவர் ட்விஸ்ட்' (1948). திருட்டுப் பிள்ளைகளை வளர்க்கும் கிழவன் ஃபேகினின் வேடத்தைக் கேட்டபோது லீன் நம்பவில்லை. அவர் கண்ணுக்கு இவர் பால்வடியும் ஹெர்பர்ட் பாக்கெட். கின்னஸ் முழு ஒப்பனையோடு சோதனைப் படப்பிடிப்புக்கு வந்து நின்றார். வேடம் கிடைத்தது. ஒப்பனையாளர் ஸ்டூவர்ட் ஃப்ரீபார்ன், டிக்கென்ஸின் மூல நூலுக்கு க்ரூக்ஷாங்க் வரைந்த படங்களைப் பின்பற்றி அந்த வளைந்த பெரிய மூக்கைச் செய்தார். யூத இனப் படுகொலை முடிந்து மூன்றே வருடம். 1949-இல் பெர்லினில் படம் திரையிடப்பட்டபோது யூதர்கள் தெருவில் இறங்கினார்கள். அமெரிக்காவில் 1951 வரை வெளியாகவில்லை. வந்தபோதும் ஃபேகின் காட்சிகள் சில வெட்டப்பட்டிருந்தன.

நடிப்பாகப் பார்த்தால் அந்த ஃபேகின் அபாரம்: குழைவு, பயம், தந்திரம், பிள்ளைகளிடம் ஒருவித அன்பு, எல்லாம் ஒரே உடம்பில். 33 வயது ஆள் என்று நம்ப முடியாது. ஆனாலும் அந்த மூக்கை மன்னிக்க எனக்கு மனம் வரவில்லை. லீனுக்கும் கின்னஸுக்கும் கெட்ட எண்ணம் இல்லை என்று சொல்லிவிடலாம். பெர்லின் தெருவில் நின்றவர்கள் எண்ணத்தைப் பார்க்க வரவில்லை, மூக்கைப் பார்த்துவிட்டு வந்தார்கள்.

இந்தக் கணக்கு கடைசிவரை தீரவில்லை. 'லாரன்ஸ் ஆஃப் அரேபியா' (1962) படத்தில் அரபு இளவரசர் ஃபைசல், 'எ மெஜாரிட்டி ஆஃப் ஒன்' (1961) படத்தில் ஜப்பானிய வணிகர். கடைசியாக, லீன் இந்தியாவில் வந்து எடுத்த 'எ பேசேஜ் டு இந்தியா' (1984) படத்தில் பேராசிரியர் காட்போலே. விக்டர் பானர்ஜியும் சயீத் ஜாஃப்ரியும் ரோஷன் சேத்தும் நடிக்கும் ஒரு படத்தில், மாநிறச் சாயம் பூசிக்கொண்டு எழுபது வயது ஆங்கிலேயர் ஒருவர் சித்பாவனப் பிராமணராக வருகிறார். நம் ஆட்கள் பக்கத்தில் நிற்கும்போது அவர் கை கூப்புவதும் கண்ணை மூடுவதும் வேஷமாகவே தெரிகிறது. ஃபைசலிடம் இருந்த அரசியல் கூர்மை இங்கே இல்லை; படம் அவருக்கு வைத்தது ஒரு மர்மச் சிரிப்பை மட்டும்தான். கின்னஸ் பெரும் பாடுபட்டுப் பழகிய நடனக் காட்சியையும் லீன் வெட்டிவிட்டார். இருவருக்கும் நாற்பதாண்டு நட்பு, நாற்பதாண்டு சண்டை. இந்தப் படத்தோடு அது கசந்துபோனது. கவனிப்பதுதான் இவருடைய கலை என்றேன். மகனைக் கவனித்ததுபோல ஒரு காட்போலேயைக் கவனிக்க அவருக்கு வாழ்க்கையில் வாய்ப்பு இருந்திருக்காது. சாயம் அந்தக் குறையை மூடவில்லை, எடுத்துக்காட்டிவிட்டது.

மாறுவேடப் புகழுக்கு முக்கியக் காரணம் 'கைண்ட் ஹார்ட்ஸ் அண்ட் கொரோனெட்ஸ்' (1949). லண்டனின் மேற்கே ஈலிங் என்ற சிறிய ஸ்டூடியோ. இயக்குநர் ராபர்ட் ஹேமர். பிரபுக் குடும்பம் ஒன்று ஒதுக்கிவைத்த ஏழை வாரிசு லூயி, தனக்கும் பட்டத்துக்கும் நடுவே நிற்கும் உறவினர்களை ஒவ்வொருவராகத் தீர்த்துக்கட்டுகிறான். அந்த டாஸ்கொயின் குடும்பத்தில் நான்கு வேடங்கள் கின்னஸுக்கு வந்தன; ஏன் நாலு, எட்டையும் கொடுங்கள் என்றார். பாதிரியார், வங்கி முதலாளி, தளபதி, கப்பல்படைத் தலைவர், கோமகன், இரண்டு இளைஞர்கள், பெண்களின் வாக்குரிமைக்காகப் பலூனில் பறந்து துண்டறிக்கை போடும் லேடி அகாதா. தேவாலயத்தில் ஆறு பேர் ஒரே சட்டகத்தில் உட்கார்ந்திருக்கும் ஒரு காட்சி உண்டு. கணினி கிடையாத காலம். ஒளிப்பதிவாளர் டக்ளஸ் ஸ்லோகோம்ப் கேமராவை ஆணியடித்ததுபோல நிறுத்தி, லென்ஸுக்கு முன்னால் ஒரு பகுதியைத் தவிர மற்றதை மறைத்து, ஃபிலிமைத் திரும்பத் திரும்பப் பின்னுக்குச் சுற்றி ஒவ்வொரு கின்னஸாக எடுத்தார். இரவில் யாரும் கேமராவில் இடித்துவிடக் கூடாது என்று அதன் பக்கத்திலேயே படுத்துத் தூங்கினாராம்.

எண்ணிக்கைதான் எல்லோருக்கும் நினைவிருக்கிறது. படத்தை இன்று பார்த்தால் வேறொன்று தெரிகிறது. எட்டு பேரிலும் ஒப்பனை அதிகமில்லை. பாதிரியார் தன் அறுவையைத் தானே ரசிக்கிறார். கப்பல்படைத் தலைவர் முட்டாள்தனத்தை மாற்றிக்கொள்ளாமல் மூழ்கும் கப்பலோடு சல்யூட் அடித்தபடி இறங்குகிறார். கோமகனின் கொடுமை குரலில் இருக்கிறது, முகத்தில் அல்ல. ஒரே இரத்தம், ஒரே திமிர், எட்டு விதமான உடம்பு. குடும்பச் சாயல் போகக் கூடாது, ஆளும் மாற வேண்டும் என்ற சிக்கலைத்தான் அவர் தீர்த்தார். இத்தனைக்கும் படத்தை நடத்திச்செல்வது லூயியாக வரும் டென்னிஸ் ப்ரைஸ். அந்த அழகான குளிர்ந்த நடிப்புக்கு உரிய பேர் அவருக்குக் கிடைக்காமல் போனது இந்த எட்டால்தான்.

ஈலிங்கின் மற்ற படங்களில் என் ஓட்டு 'த மேன் இன் த ஒயிட் சூட்' (1951) படத்துக்கு. கிழியாத, அழுக்குப் பிடிக்காத துணியைக் கண்டுபிடிக்கும் சிட்னி. அதனால் தொழில் அழியும் என்று முதலாளிகளும் தொழிலாளிகளும் ஒன்றுசேர்ந்து அவனைத் துரத்துகிறார்கள். இதில் ஒட்டு மூக்கு இல்லை. தன் குழாய்களும் குப்பிகளும் போடும் சத்தத்தைத் தவிர உலகத்தில் எதுவும் காதில் விழாத ஒருவனின் கண்கள் மட்டும். 'த லாவெண்டர் ஹில் மாப்' (1951) படத்தில் இருபது வருடம் தங்கக் கட்டிகளுக்குக் காவல் போன வங்கிக் குமாஸ்தா, ஒருநாள் அந்தத் தங்கத்தை உருக்கி ஈஃபில் கோபுரப் பொம்மைகளாக்கிக் கடத்துகிறார். வேடம் என்று பார்த்தால் ஒரு கண்ணாடி, ஒரு தொப்பி. இந்தக் குமாஸ்தாவுக்குத்தான் ஆஸ்கருக்கான முதல் பரிந்துரை. பொய்ப்பல் கட்டிய 'த லேடிகில்லர்ஸ்' (1955) எல்லோருக்கும் பிடித்த படம்; எனக்கும் பிடிக்கும். ஆனால் அதில் அந்த எழுபதைத் தாண்டிய பாட்டி கேட்டி ஜான்சன் வெறுமனே தேநீர் ஊற்றிக்கொண்டே அத்தனை பேரையும் தூக்கிச் சாப்பிட்டுவிடுகிறார்.

அந்த வெற்றிகளின் நடுவிலேயே மேடையில் பெரிய அடி விழுந்தது. 1951 மே மாதம், நியூ தியேட்டரில் மறுபடி ஹேம்லெட். இம்முறை கின்னஸே இயக்குநர்களில் ஒருவர். ஸ்பானிய அறிஞர் மதாரியாகாவின் விளக்கத்தைப் படித்துவிட்டு டென்மார்க் அரண்மனையை ஸ்பானியக் களையோடு அமைத்தார். முதல் நாள் காட்சியில் விளக்குகள் தப்புத் தப்பாக எரிந்தன. பேய் வரும்போது வெளிச்சம், பகலில் இருட்டு. கேலரியிலிருந்து கூச்சல். பத்திரிகைகள் கிழித்துப்போட்டன. அதில் நாடகத்துக்குள் நாடகம் போடும் ராஜா நடிகராக வந்தவர் வேறு யாருமல்ல, நம் டைனன். ஒரு விமர்சகர் அவருடைய நடிப்பையும் சேர்த்துச் சாத்த, டைனன் நடிப்பை விட்டுவிட்டு எழுத்தோடு நின்றார். ஆங்கில நாடக விமர்சனத்துக்கு அந்தத் தோல்வி செய்த உபகாரம் இது.

விளக்கின் மேல் மட்டும் பழி போட முடியாது. ஹேம்லெட் தன்னைக் கொட்டிக்காட்ட வேண்டிய பாத்திரம். அரங்கின் கடைசி வரிசை வரை உள்ளே அழைத்துவர வேண்டும். கின்னஸ் கதவை ஒருக்களித்து வைப்பவர். 1966-இல் ராயல் கோர்ட் அரங்கில் பிரெஞ்சு நடிகை சிமோன் சிக்னோரேயுடன் ஆடிய மக்பெத்துக்கும் இதே கதி. பெரிய துன்பியல் நாயகர்கள் அவரிடம் சரியாக உட்காரவில்லை. மாறாக, ரகசியம் வைத்திருக்கும் பாத்திரம் என்றால் மேடையும் அவர் கைக்குள் வந்தது: டி. எஸ். எலியட்டின் 'த காக்டெய்ல் பார்ட்டி'யில் யாரென்று தெரியாமல் வரும் விருந்தாளி, ராட்டிகனின் 'ராஸ்' (1960) நாடகத்தில் வேறு பெயரில் ஒளிந்து வாழும் டி. இ. லாரன்ஸ். கவிஞர் டிலன் தாமஸின் கடைசிக் காலத்தைப் பற்றிய 'டிலன்' 1964-இல் நியூயார்க்கில் டோனி விருது வாங்கித் தந்தது. கனடாவின் ஸ்ட்ராட்ஃபோர்டில் 1953-இல் ஒரு பெரிய கூடாரத்துக்குள் தொடங்கிய ஷேக்ஸ்பியர் விழாவில் முதல் வரி பேசியவர் அவர்தான், மூன்றாம் ரிச்சர்டாக. சினிமாவில் பணம் கொட்டிய நேரத்தில், ஊர்பேர் தெரியாத ரயில்வே நகரத்துக்குப் போய்க் கூடாரத்தில் நடிக்க எத்தனை நட்சத்திரங்கள் சம்மதித்திருப்பார்கள்?

வேடத்துக்கும் ஆளுக்கும் நடுவில் இருக்கும் கோடு அவருக்கே ஒருமுறை அழிந்தது. 'ஃபாதர் பிரவுன்' (1954) படப்பிடிப்பு பிரான்சின் பர்கண்டிப் பகுதிக் கிராமம் ஒன்றில். மாலை இருட்டில் பாதிரியார் அங்கியோடு தங்குமிடத்துக்கு நடந்துகொண்டிருந்தார். ஒரு சின்னப் பையன் ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டு பேசிக்கொண்டே கூட நடந்தான். இவருக்குப் பிரெஞ்சு போதாது. வாயைத் திறந்தால் பிள்ளை பயந்துவிடுவான் என்று பேசாமலே நடந்தார். வீட்டுத் திருப்பம் வந்ததும் பையன் வணக்கம் சொல்லிவிட்டு வேலி இடுக்கில் மறைந்தான். முன்பின் தெரியாதவரிடம் ஒரு குழந்தைக்கு இத்தனை நம்பிக்கை வரவைக்கும் சபை எப்படிப்பட்டது என்று யோசிக்கத் தொடங்கியதாகக் கின்னஸ் எழுதுகிறார். மகனின் நோய்க்காலத்தில் வழியிலிருந்த ஒரு கத்தோலிக்கத் தேவாலயத்தில் போய் உட்காரும் பழக்கமும் சேர்ந்துகொண்டது. 1956-இல் கத்தோலிக்கரானார். அடுத்து அவர் படப்பிடிப்புக்காக இலங்கையில் இருந்த காலத்தில் மெரூலாவும் சேர்ந்தார்.

இலங்கை என்றது கித்துல்கல. களனி கங்கைக் கரையில், மரத்தாலேயே ஒரு பெரிய பாலம் கட்டி, 1957-இல் நிஜ ரயிலை ஓட்டி வெடிவைத்துத் தள்ளினார்கள். நிக்கல்சனைப் பற்றி லீனுக்கும் கின்னஸுக்கும் முதல் நாளிலிருந்தே தகராறு. லீன் கேட்டது ஒரு விறைத்த அறுவைக்காரரை. அப்படியே இரண்டரை மணி நேரம் இருந்தால் யார் பார்ப்பார்கள், கொஞ்சம் நகைச்சுவை வேண்டும் என்றார் கின்னஸ். நல்லவேளை, இருவரும் முழுதாக ஜெயிக்கவில்லை. எதிரிக்குப் பாலம் கட்டிக்கொடுத்து அதில் பெருமை கொள்ளும் அந்த மனிதரைப் பார்த்துச் சிரிக்கவும் முடியவில்லை, வெறுக்கவும் முடியவில்லை. மாலை வெயிலில் முடிந்த பாலத்தின் மேல் நின்று தன் இருபத்தெட்டு ஆண்டு ராணுவ வாழ்க்கையைத் திரும்பிப் பார்க்கும் காட்சியில் அவர் பெரும்பாலும் நமக்கு முதுகைத்தான் காட்டுகிறார். ஆஸ்கர் வந்தது. 1959-இல் சர் பட்டமும் வந்தது.

தமிழ் வாசகன் இந்தப் படத்தை இன்னொரு கண்ணோடும் பார்க்க வேண்டியிருக்கிறது. சயாமையும் பர்மாவையும் இணைத்த சுமார் 415 கிலோமீட்டர் ரயில் பாதையை ஜப்பானியர் 1942-43-இல் போட்டபோது, நேச நாட்டுப் போர்க்கைதிகளில் 12,000க்கும் மேற்பட்டோர் செத்தார்கள். ஆசியக் கூலிகளில் செத்தவர்கள் அதைப்போலப் பல மடங்கு. அவர்களில் மலாயாத் தோட்டங்களிலிருந்து ஆசை காட்டியும் பிடித்தும் கொண்டுபோகப்பட்ட தமிழர்கள் ஏராளம். மலேசியத் தமிழர் நினைவில் அதன் பெயர் சயாம் மரண ரயில், ஆர். சண்முகம் அதே தலைப்பில் நாவல் எழுதியிருக்கிறார். படத்தில் அவர்கள் எங்குமே இல்லை. கைதிகளாக இருந்து உயிர்தப்பிய ஆங்கிலேயர்களுக்கும் படத்தின் மேல் கோபம் இருந்தது: அந்தப் பாலத்தில் நிஜமாக அதிகாரியாக இருந்த ஃபிலிப் டூசி, எதிரிக்கு உதவியவர் அல்லர், முடிந்தவரை வேலையைக் கெடுத்தவர். இதையெல்லாம் தெரிந்துகொண்டு பார்த்தாலும் அந்தத் தகரக் கூண்டு நடை கண்ணில் நிற்கிறது. எனக்கு அது கொஞ்சம் உறுத்தலும்கூட. ஒரு பையனின் நோயில் கண்ட உண்மை, உண்மையைப் பெரும்பாலும் கைவிட்ட ஒரு படத்துக்குள் உட்கார்ந்திருக்கிறது.

'ஸ்டார் வார்ஸ்' (1977) பற்றி எழுதாமல் விட்டால் வாசகர்கள் அடிக்க வருவார்கள். வசனங்கள் அவருக்குப் பிடிக்கவில்லை. ஆனால் கதை அடுத்த பக்கத்தைப் புரட்டவைத்தது என்றார். சம்பளத்தோடு வருவாயில் இரண்டு விழுக்காட்டுக்குச் சற்று மேலே ஒரு பங்கும் கிடைத்தது. அதுவே மிச்ச வாழ்க்கைக்குச் சோறு போட்டது. படத்தை நூறு தடவைக்கு மேல் பார்த்ததாகச் சொல்லிக் கையெழுத்துக் கேட்ட பையனிடம், இனிமேல் பார்க்காதே என்று சொல்லி அழவைத்த கதையை அவரே தன் கடைசி நூலில் சொல்கிறார். ரசிகர்கள் இதைக் கர்வம் என்கிறார்கள். பொம்மைகளும் ரோபோக்களும் நிறைந்த அந்தப் படத்தில் அவர் ஏற்ற ஒபி-வான் சொல்வதை நாம் நம்புவதற்கு ஒரே காரணம், அந்தக் கிழவர் எதையோ இழந்தவர் என்று கின்னஸின் குரல் நமக்குச் சொல்லிவிடுவதுதான். ஃபேகினுக்கு மூக்கு செய்த அதே ஃப்ரீபார்ன்தான் இந்தப் படத்தின் விசித்திர ஜீவன்களுக்கும் முகம் செய்தார். முப்பதாண்டு கழித்து, அந்த முகங்களின் நடுவே ஒப்பனை இல்லாமல் நடந்தவர் கின்னஸ்.

கடைசி மேடை 'எ வாக் இன் த உட்ஸ்' என்ற நாடகம், 1988-இல். ஒரு சோவியத் தூதர். பிறகு நாட்குறிப்புகளை நூலாக்கிக்கொண்டு ஹாம்ப்ஷயர் வீட்டில் நாய்களோடு இருந்தார். 2000 ஆகஸ்ட் 5-இல் இறந்தார், 86 வயதில். இரண்டு மாதம் கழித்து மெரூலா.

ஆனால் எல்லா வழிகளும் போய்ச் சேரும் இடம் ஜார்ஜ் ஸ்மைலி. ஜான் லெ காரேயின் உளவு நாவலை பிபிசி 1979-இல் ஏழு பகுதிகளாக எடுத்தது: 'டிங்கர் டெய்லர் சோல்ஜர் ஸ்பை'. ஓய்வுக்கு அனுப்பப்பட்ட குண்டான ஒற்றன், மனைவி ஏமாற்றியவன், கேள்வி கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பவன். தயாராவதற்கு முன் நிஜமான ஒற்றரைப் பார்க்க வேண்டும் என்று கின்னஸ் கேட்க, லெ காரே அவரைப் பிரிட்டிஷ் உளவுத்துறையின் முன்னாள் தலைவர் மாரிஸ் ஓல்ட்ஃபீல்டோடு மதியச் சாப்பாட்டுக்கு உட்காரவைத்தார். சாப்பாடு முடிந்து ஓல்ட்ஃபீல்ட் கிளம்பியதும் கின்னஸ் அவர் நடந்துபோவதைப் பார்த்துக்கொண்டிருந்தாராம். குடையை எப்படிப் பிடிக்கிறார், காலணி என்ன, கையை எப்படி வீசுகிறார். திரையில் ஒட்டு மூக்கில்லை, பல்லில்லை, ஒரு கனத்த கண்ணாடி மட்டும். அதைக் கழற்றித் துடைக்கும்போது எதிரில் இருப்பவன் பயப்படுகிறான். அதன் பிறகு தன் ஸ்மைலியை எழுத உட்கார்ந்தாலே கின்னஸின் குரல்தான் கேட்கிறது, பாத்திரம் கைவிட்டுப் போய்விட்டது என்று லெ காரே குறைபட்டுக்கொண்டார்.

தொடர்ச்சியான 'ஸ்மைலிஸ் பீப்பிள்' 1982-இல் வந்தது. அதன் முடிவும் ஒரு பாலம். வாழ்நாள் எதிரியான சோவியத் உளவுத் தலைவன் கார்லாவை, மகளின் மேல் அவனுக்கிருக்கும் பாசத்தைத் தூண்டிலாக்கிப் பிடித்துவிட்டார் ஸ்மைலி. இரவு, பெர்லின், பனி. அந்தப் பக்கத்திலிருந்து கார்லா, பாட்ரிக் ஸ்டூவர்ட், ஒரு வார்த்தை பேசாமல் பாலத்தைக் கடந்து வருகிறான். இந்தப் பக்கம் நிற்பவருக்கு நடை கிடையாது, வசனம் கிடையாது. முன்பொரு காலத்தில் ஸ்மைலியிடமிருந்து எடுத்துக்கொண்ட சிகரெட் லைட்டரைக் கார்லா கீழே போடுகிறான். கின்னஸ் அதை எடுப்பதற்குக் குனியவில்லை. கோட்டுப் பைக்குள் கையோடு, வருகிறவன் எப்படிக் கால் வைக்கிறான் என்று பார்த்துக்கொண்டிருக்கிறார்.